அஞ்சாவது தொட்டி

— இல்ல அத்தா, நீங்க சும்மா வெளையாடுறீங்க.

— வெளையாடுற வயசா எனக்கு? உள்ளதைத்தான் சொல்றேன் அல்ஷிஃபா. தொட்டியில புழு குறையக் குறைய, நான்தான் வாங்கியாந்து போட்டேன்.

— எந்தத் தொட்டியில?

— இந்தா, மாடியில வரிசையா வச்சிருக்கியே, இந்த நாலுலயும்தான்.

— எத்தனை தடவை?

— ரெண்டு வாரத்துக்கு ஒருக்கா. வெள்ளிக்கிழமை ஜும்மா தொழுதுட்டு சத்திரம் பஸ் ஸ்டாண்டுல லால்குடி பஸ் ஏறுவேன். அங்க பொன்னுத்தாய்னு ஒரு அம்மா மண்புழு வளத்து விக்கிது. வாங்கிட்டு சாயங்காலம் மஃரிப் தொழுகைக்குள்ள வீடு வந்துருவேன்.

— எத்தனை மாசமா? அதைச் சொல்லுங்க.

— நீ ஆரம்பிச்ச மூணாவது மாசத்துலருந்து. இப்ப நாப்பது நாள் ஜமாத்துக்குப் போயிட்டு வந்தேன்ல, அதுக்கு முந்துன வெள்ளிக்கிழமை வரைக்கும்.

— யா அல்லாஹ்! ஒன்றரை வருஷம்!

— இங்க உக்காராத புள்ள, தரை கொதிக்குது. இரு, இந்தச் சாக்கை விரிச்சுக்க.

— கொதிக்கட்டும். வியாழக்கிழமை வைவா. எக்ஸ்டர்னல் எக்ஸாமினர் கோயம்புத்தூர்லருந்து வராரு, தொட்டியை நேர்ல பாக்கணும்னு சொல்லியிருக்காரு. போட்டோ எடுத்து வைப்போம்னு காலையில கிளறுறேன், சிவப்புப் புழு ஒண்ணுகூட இல்ல. ஆப்பிரிக்கப் புழு நாலஞ்சு, அதுவும் குத்துயிரா கெடக்கு. மிச்சம் பூரா நாட்டுப் புழு. நாலு தொட்டியிலயும் அதே கதை. எறும்பு வந்துச்சோ, எவனாச்சும் மருந்தைக் கொட்டிட்டானோன்னு பதறிட்டு உங்களைக் கூப்புட்டா...

— நான் ஊர்ல இல்லாத நாப்பது நாள்ல இப்படி சுத்தமா காலியாகும்னு நான் கண்டேனா? நானே ஆடிப்போயிட்டேன்.

— நீங்க ஆடிப்போயிட்டீங்களா?

— ஆமா. கொஞ்சம்போலக் குறையும், வந்து ரொப்பிக்கலாம்னு நெனச்சுட்டுத்தான் போனேன். நாட்டுப் புழு இப்படி ஏறி மேயும்னு யாருக்குத் தெரியும்?

— அத்தா, நான் இந்த மாடியில என்ன பண்ணிட்டு இருந்தேன்? உங்களுக்குத் தெரிஞ்சதைச் சொல்லுங்க, கேப்போம்.

— டாக்டர் பட்டத்துக்குப் புழு வளத்த.

— எதுக்கு வளத்தேன்?

— மூணு வகைப் புழுவையும் ஒரே தொட்டியில, வகைக்கு நூறுன்னு விட்டு, மூணும் ஒண்ணா வாழும்னு காட்டுறதுக்கு.

— வாழும்னு காட்டுறதுக்கு இல்லத்தா! வாழுமா வாழாதான்னு பாக்குறதுக்கு! ரெண்டும் ஒண்ணா?

— ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்?

— தலையில அடிச்சுக்கலாம்போல இருக்கு. மூணும் வாழ்ந்தாலும் எனக்கு ரிசல்ட்டுதான். ஒண்ணு மத்த ரெண்டையும் தள்ளி விட்டாலும் ரிசல்ட்டுதான். எல்லாம் செத்துப் போனாக்கூட, ஏன் செத்துச்சுன்னு எழுதி நான் பாஸாகலாம். இதுல பெயிலே கெடையாது!

— இதை நீ மொதல்லயே சொல்லியிருக்கலாம்ல?

— கேட்டீங்களா என்கிட்ட?

— கேக்குற மாதிரியா இருந்த? மூணாவது மாசம் எண்ணிப் பாத்துட்டு, ஒரு தொட்டியில சிவப்பு நாப்பத்தொண்ணுதான் இருக்குன்னு அம்மா மடியில படுத்து அழுதியே. அன்னிக்கு நீ சோறு திங்கல. நான் கீழ ஹால்ல உக்காந்து கேட்டுட்டுத்தான் இருந்தேன்.

— நான் அழுதது புழுவுக்கா? அன்னிக்கு என் கைடு பானுமதி மேம் போன்ல திட்டுனதுக்கு அழுதேன். "என் தொட்டியில மூணும் ஒரு வருஷம் சமமா நின்னுது, உன் தொட்டியில நிக்கலைன்னா உன் கவனிப்புதான் சரியில்லை"ன்னாங்க. அவங்க அந்தக் காலத்துல பண்ண ஆராய்ச்சியைத்தான் நான் மறுபடி பண்ணிப் பாக்குறேன். அவங்க பேரே அதுலதான் நிக்குது.

— அதேதான் நானும் நெனச்சேன். டீச்சரம்மாவுக்கு நின்னுருக்கு, என் மகளுக்கு மட்டும் ஏன் நிக்கக்கூடாது? நாப்பத்தொண்ணுதானே இருக்கு, அம்பத்தொம்பதைக் கொண்டாந்து போட்டா நூறு ஆயிடுச்சு. இதுக்குப் போயி புள்ள அழணுமா?

— அம்பத்தொம்பதா? எண்ணியா போட்டீங்க?

— எண்ணாம? உன் நோட்டு கீழதானே கெடக்கும். நீ குனிஞ்சு உக்காந்து எண்ணி எழுதி வச்சிருப்ப, அதைப் பாத்து எது எவ்வளவு குறையுதோ அவ்வளவு வாங்குவேன். ஷார்ஜாவுல இருபத்தாறு வருஷம் எனக்கு என்ன வேலை? சூப்பர் மார்க்கெட்டுல ஷெல்ஃப் ரொப்புறது. ஒரு சாமான் குறைஞ்சா குடோன்லருந்து எடுத்து அடுக்கிடணும். கஸ்டமர் கண்ணுக்கு ஷெல்ஃப் காலியா தெரியவே கூடாது. எனக்குத் தெரிஞ்ச ஒரே வேலையை உனக்குச் செஞ்சேன்.

— மூணு வகையையும் உங்களுக்கு அடையாளம் தெரியுமா?

— ஏன் தெரியாது? ஆப்பிரிக்காக்காரன் தடியா, நீளமா, சோம்பேறியா கெடப்பான். சிவப்பு, வாலு மஞ்சளா இருக்கும். நாட்டுப் புழு வெயில்ல நீலமா மினுங்கும், கையில எடுத்தா துள்ளிட்டு ஓடப் பாக்கும். கழுத்துல பட்டை விழுந்த பெரிய புழுவாப் பாத்துத்தான் பொறுக்கிட்டு வருவேன். குஞ்சு குளுவான் எல்லாம் வாங்க மாட்டேன்.

— ஐயோ! முட்டைக்கூடு ஒண்ணுமே இல்லாம பெரிய புழு மட்டும் எப்படி மாசாமாசம் வருதுன்னு நான் மண்டையை உடைச்சுக்கிட்டேனே! வெயிலு, ஈரம், அது இதுன்னு காரணம் சொல்லி முப்பது பக்கம் எழுதியிருக்கேனே! அந்த முப்பது பக்கமும் நீங்களா?

— முப்பது பக்கமா? மாஷா அல்லாஹ்.

— மாஷா அல்லாஹ்வா!

— சரி, சரி. கத்தாத. கீழ அம்மாவுக்குக் கேக்கும்.

— கேக்கட்டுமே. அம்மாவுக்குத் தெரியுமா இது?

— ம்.

— என்ன ம்?

— ஒரு நாள் புழுவைக் கறி வாங்குற பையில போட்டுக் கொண்டாந்தேன். நான் தொழுகைக்கு ஒலுச் செய்யப் போன நேரத்துல அவ பையை எடுத்து, கொத்துக்கறின்னு நெனச்சு சட்டியில கொட்டிட்டா.

— அம்மா அன்னிக்கு அலறுனது அதுக்கா! எதுத்த வீட்டு ஜெயக்குமார் சார் கம்போட ஓடி வந்தாரே! பல்லின்னீங்களே ரெண்டு பேரும்!

— பல்லிக்கா சுராயா அப்படி அலறுவா? அன்னிலருந்து அவளுக்கும் தெரியும். அவளே எனக்கு ஒரு பழைய டிபன் டப்பாவை ஒதுக்கிக் குடுத்துட்டா, புழுவுக்குன்னு.

— குடும்பமே சேர்ந்து என் தீசிஸை எழுதியிருக்கீங்க. நான் ஒருத்திதான் வெளியில நின்னுருக்கேன். அது சரி, தண்ணி டேங்குக்குப் பின்னாடி இருக்கே, அஞ்சாவது தொட்டி, அதுலயும் போட்டீங்களா?

— அல்லாஹ் மேல ஆணையா அதுல கை வைக்கல. அந்த சந்துல குனிஞ்சு போக என் முட்டி விடல. அது மட்டும் என் மனசை உறுத்திட்டே இருந்துச்சு.

— அதுல ஏழாவது மாசமே நாட்டுப் புழு மட்டும்தான் மிஞ்சுச்சு. மேம்கிட்ட சொன்னேன். அதுக்கு வெயில் வேற மாதிரி படும், அதைக் கணக்குலயே சேக்காதேன்னு சொல்லிட்டாங்க. தீசிஸ்ல அந்தத் தொட்டியே கெடையாது. இருந்த அஞ்சுல யாரும் கை வைக்காதது அது ஒண்ணுதான், அதைத்தான் நான் தூக்கிப் போட்டேன்.

— அல்ஷிஃபா, நான் ஒண்ணு சொல்லவா? கோவப்படாத.

— சொல்லுங்க.

— இன்னிக்கு திங்கள். இப்பக் கெளம்புனா மதியத்துக்குள்ள பொன்னுத்தாயம்மாகிட்ட போயிருவேன். நாலு தொட்டிக்கும் ஒரே நடையில கொண்டாந்துடறேன். வியாழக்கிழமை அவரு வந்து பாக்குறப்ப எல்லாம் ஜம்முனு நிக்கும். நீயும் நானும் உங்கம்மாவும் வாயைத் தொறக்கலேன்னா யாருக்குத் தெரியப்போவுது? ஜூன்ல காலேஜ் வேலைக்குச் சேரணும்ல நீ? ஆறு வருஷம் புள்ள. உனக்கு முப்பத்திரண்டு வயசாச்சு.

— பேசாம இருங்கத்தா. கொஞ்ச நேரம் பேசாம இருங்க.

— சரி.

— நீங்க சொல்றது எனக்கே சரின்னு படுது. அதான் பயமா இருக்கு.

— இதுல பயப்பட என்ன இருக்கு?

— நாளைக்கு நான் ஒரு காலேஜ்ல நின்னு நூறு புள்ளைங்களுக்குச் சொல்லித் தரணும். வாயைத் தொறக்குறப்பல்லாம் அந்த டிபன் டப்பா ஞாபகம் வரும். வேணாம். சட்டையை மாத்துங்க, ஸ்ரீரங்கம் போறோம். மேம்கிட்ட இன்னிக்கே சொல்லிடணும். அவங்க நம்பி கையெழுத்துப் போட்டிருக்காங்க.

— அந்தம்மா நெஞ்சு வெடிச்சுப் போவுமே!

— என்னுது வெடிக்கலயா?

* * *

— ஏண்டி அல்ஷிஃபா, முகம் ஏன் இப்படி வெளுத்துக் கிடக்கு? வாங்கோ பஷீர் பாய், உள்ளே வாங்கோ. வாசல்லயே நின்னா எப்படி? வெயில் சுட்டெரிக்கறது.

— இருக்கட்டும் டீச்சரம்மா. நின்னுட்டே சொல்லிடறேன். உக்காந்து சொல்ற விஷயம் இல்ல.

— ரங்கா! யாருக்கு என்ன ஆச்சு? சுராயா நன்னா இருக்காளோன்னோ?

— அம்மா நல்லாருக்காங்க மேம். வேற விஷயம். நம்ம தொட்டி இருக்குல்ல, அதுல சிவப்புப் புழுவும் ஆப்பிரிக்கப் புழுவும் போயிடுச்சு.

— போயிடுத்துன்னா? எந்தத் தொட்டியில?

— நாலுலயும். நாட்டுப் புழுதான் இருக்கு.

— அபத்தம். மூணு நாள்ல வைவாவை வெச்சுண்டு பேசற பேச்சா இது? சாணம் சூடாயிருக்கும், சரியா ஆற வெச்சிருக்க மாட்டே. ஒன்றரை வருஷம் சமமா நின்னது திடீர்னு எப்படிடி போகும்?

— நிக்கலை மேம்.

— என்னது நிக்கலை?

— அத்தா, நீங்களே சொல்லுங்க.

— டீச்சரம்மா, தப்பு பூரா என் மேல. புள்ளைக்கு ஒண்ணும் தெரியாது. குறையுற புழுவை நான் ரெண்டு வாரத்துக்கு ஒருக்கா வாங்கியாந்து ரொப்பிட்டேன். அது நோட்டுல எழுதுன கணக்கெல்லாம் நான் போட்டுக் குடுத்த கணக்கு.

— என்ன சொல்றேள் நீங்க?

— ஆமாம்மா. என் நிய்யத்து, நெனப்பு நல்லதுதான். செஞ்சது இப்படி ஆயிடுச்சு.

— நாலு தொட்டியும்?

— நாலும்.

— ஒண்ணுகூடவா நிஜம் இல்லை? நன்னா யோசிச்சுச் சொல்லுங்கோ பாய். ஒரு தொட்டி? ஒரே ஒரு தொட்டி? ஒரு மாசமாவது நீங்க போடாம, அதுகளா நின்னிருக்காதா?

— ஒரு தடவை எனக்கு சிக்குன்குன்யா வந்து மூணு வாரம் படுத்துட்டேன். எழுந்து வந்து பாத்தா சிவப்பு பாதிகூட இல்ல. அன்னிக்கு டிபன் டப்பா நெறைய ரெண்டு தடவை கொண்டாந்து போட்டேன்.

— என்னைக் கொஞ்சம் பிடிச்சுக்கோடி.

— மேம்! மேம், உக்காருங்க. அத்தா, அந்த ஃபேனைப் போடுங்க. இந்தாங்க, தண்ணி குடிங்க மேம்.

— வேண்டாம், தீர்த்தமும் வேண்டாம் ஒண்ணும் வேண்டாம். பஷீர் பாய், நீங்க என்ன பண்ணியிருக்கேள்னு உங்களுக்குத் தெரியறதா? அவ நாலு தொட்டியிலயும் மூணும் நிக்கறதுன்னு முதல் வருஷக் கணக்கைக் கொண்டு வந்து நீட்டினாளே, அன்னிக்கு நான் நேரே தாயார் சன்னிதிக்குப் போய் நின்னு அழுதேன். இருபத்திரண்டு வருஷத்துல அன்னிக்குத்தான் நிம்மதியாத் தூங்கினேன். அது டிபன் டப்பாவா? டிபன் டப்பாவைப் பார்த்தா நான் அழுதேன்?

— மன்னிச்சிருங்கம்மா. நீங்க கையால அடிச்சாக்கூட வாங்கிக்கிறேன்.

— மேம், அவரைத் திட்டாதீங்க. நான் பாத்திருக்கணும். முட்டைக்கூடு இல்லாம புழு வந்தப்பவே எனக்குப் புரிஞ்சிருக்கணும். மூணும் நின்னுடணும்னு நானும் ஆசைப்பட்டுட்டேன். கண்ணை மூடிக்கிட்டேன்.

— யார் யார்கிட்ட சொன்னே?

— யார்கிட்டயும் இல்ல. மொதல்ல உங்ககிட்டதான்.

— அப்போ கொஞ்சம் இரு. யோசிப்போம்.

— யோசிக்க என்ன மேம் இருக்கு?

— இருக்குடி. நிறைய இருக்கு. இந்த மாசக் கடைசியில நான் ரிடையர் ஆறேன். நீதான் என் கடைசி ஸ்டூடண்ட். இப்போ நிறுத்தினா உன் ரெஜிஸ்ட்ரேஷன் காலாவதி ஆயிடும், வேலை போயிடும், எக்ஸ்டர்னல் என்னென்னமோ எழுதுவார். ஒரு ஆராய்ச்சி தப்பாப் போனதுன்னு உலகம் ஒண்ணும் முழுகிடாது. அது பாட்டுக்கு அலமாரியில தூங்கும்.

— பாத்தியா புள்ள, டீச்சரம்மாவே சொல்றாங்க. நான் சொன்னப்ப எகிறிக் குதிச்ச.

— அத்தா, பஸ்ல வரப்ப என்கிட்ட ஒண்ணு சொன்னீங்களே, அதை மேம்கிட்டயும் சொல்லுங்க.

— எதை?

— பொன்னுத்தாயம்மா சொன்னதை.

— அதுவா? அது ஒண்ணுமில்லம்மா. நான் புழு வாங்குற அந்தம்மாகிட்ட நீங்க போட்ட புக்லெட் இருக்கு. பழசு, மஞ்சள் அட்டை. மூணு புழுவையும் கலந்து விட்டா மூணும் நிக்கும், உரமும் சீக்கிரம் வரும்னு இருக்காமே. அந்தம்மா விக்கிறதுக்கு வகைக்கு ஒரு குழி தனியா வச்சிருக்கு. சொந்த வயலுக்கு மட்டும் உங்க புக்லெட் பிரகாரம் கலந்த குழி. அதுல சிவப்பு நிக்க மாட்டேங்குதாம். "படிச்சவங்களுக்கு நிக்குது, என் கை ராசியில்லாத கை, எனக்கு நிக்கல"ன்னு சொல்லிட்டு, குறையக் குறைய தனிக் குழியிலருந்து அள்ளிப் போட்டுக்கும். எங்க ஊருப் பக்கம் எல்லாரும் அப்படித்தான் பண்றோம் பாய்னு சொல்லிச்சு. அதைக் கேட்டுத்தான் எனக்கும் தைரியம் வந்துச்சு, இது ஊர்ல நடக்குற வழக்கம்தான்போலன்னு.

— எல்லாருமா?

— அந்தப் பக்கம் இருபது முப்பது வீடு இருக்குமாம்மா.

— ராசியில்லாத கைன்னா சொன்னா?

— ஆமாம்மா. சிரிச்சுட்டேதான் சொல்லும். ஆனா உள்ளுக்குள்ள வருத்தம் இருக்கு. மாமியார்காரி அதைச் சொல்லியே குத்திக்காட்டுமாம்.

— கேட்டீங்கள்ல மேம்? என் தீசிஸும் வெளிய வந்தா, உங்க புக்லெட்டோட அதையும் சேத்துக் காட்டுவாங்க. பானுமதி மேமுக்கு நின்னுச்சு, அவங்க ஸ்டூடண்ட்டுக்கும் நின்னுச்சு, உனக்கு ஏன் நிக்கலன்னு கேப்பாங்க. உங்களுக்கு நெசமாவே நின்னுச்சு, அதை நீங்க எழுதுனீங்க. எனக்கு நிக்கவே இல்லியே. நான் எப்படி எழுதறது?

— அந்த அஞ்சாவது தொட்டி?

— அது மட்டும் அத்தா கை படாதது. ஏழாவது மாசமே நாட்டுப் புழு மட்டும்தான்னு உங்ககிட்ட அப்பவே சொன்னேனே.

— சொன்னே. நான்தான் தூக்கிப் போடச் சொன்னேன்.

— நீங்க சொன்னது சரிதான் மேம். டேங்க் பக்கத்துல மதியத்துக்கு மேல வெயில் அடிக்கும். ஒரே ஒரு தொட்டியை வச்சு எதையும் முடிவு பண்ண முடியாது. உங்க ஆறு தொட்டிக்கு முன்னாடி என் ஒரு தொட்டி என்ன பெருசு?

— நீ என்னை ரொம்ப நம்பறே.

— உங்களை நம்பாம யாரை மேம் நம்பறது? பஸ்லயே முடிவு பண்ணிட்டேன். வியாழக்கிழமை எக்ஸ்டர்னல் வந்து உக்காந்ததும் நானே எழுந்து நடந்ததைச் சொல்லிடறேன். தீசிஸை வாபஸ் வாங்கிக்கறேன். அபராதம் கட்டி ரெஜிஸ்ட்ரேஷனை நீட்டிக்க வழி இருக்கு, விசாரிச்சுட்டேன். அடுத்த மாசமே மொதல்லருந்து ஆரம்பிக்கறேன்.

— எத்தனை நாளாகும்னு தெரியுமா?

— ரெண்டு வருஷம்.

— அந்த வேலை?

— வேற யாருக்காச்சும் போகட்டும்.

— பஷீர் பாய், நீங்க சொல்லப்படாதா? அவளுக்கு வயசு ஏறிண்டே போறது.

— நான் சொல்லிச் சொல்லிப் பாத்துட்டேன்மா. கேக்க மாட்டேங்குது. என் புத்திதான் இப்படிப் போச்சு, அது புத்தியாச்சும் நேரா இருக்கேன்னு இப்ப எனக்கே ஒரு சந்தோஷம் வருது. இந்தத் தடவை அது மாடியிலகூட வைக்க வேணாம். நான் அந்தப் பக்கமே தலை வச்சுப் படுக்க மாட்டேன்.

— அதான் மேம் உங்ககிட்ட கேக்க வந்தேன். இங்க, உங்க வீட்டுக் கொல்லையில வச்சுக்கட்டுமா? நீங்க அன்னிக்கு வளத்த அதே தொட்டிங்க இன்னும் இருக்குல்ல, செம்பருத்தி வச்சிருக்கீங்களே, அதுலயே. அதே நிழல், அதே கோவில் பூமாலைக் கழிவு, அதே வாழைச்சருகு. எதையும் மாத்த மாட்டேன். தினம் காலையில ஆறு மணிக்கு கே.கே. நகர்லருந்து வந்துடறேன். யாரும் கை வைக்காம நான் மட்டும் பாத்துக்கறேன். உங்களுக்கு மூணும் நின்னுச்சுல்ல, எனக்கும் நிக்காம எங்க போயிடும்? நிக்கற வரைக்கும் விடமாட்டேன் மேம். ரெண்டு வருஷம் பத்தலேன்னா மூணு வருஷம்.

— வேண்டாம்டி.

— கொல்லை வேணாம்னா வேற எடம் பாத்துக்கறேன் மேம். நீங்க வந்து பாத்துச் சொன்னாப் போதும்.

— இடத்துக்கு இல்லை. ஆரம்பிக்கவே வேண்டாம். உன் வயசைக் கொண்டு போய் அந்தத் தொட்டியில கொட்டாதே.

— மேம், ஏன் அழறீங்க? அத்தா, மேம் அழறாங்க பாருங்க. நான் ஏதாச்சும் தப்பா சொல்லிட்டேனா?

— டீச்சரம்மா, அழாதீங்கம்மா. நடந்தது நடந்துபோச்சு. புள்ள கெட்டிக்காரி, மறுபடி செஞ்சு முடிச்சிரும்.

— முடியாது பாய். ரெண்டு வருஷம் இல்லை, இருபது வருஷம் வளர்த்தாலும் சிவப்பு போகும், ஆப்பிரிக்கா போகும், நாட்டுப் புழுதான் மிஞ்சும். உன் அஞ்சாவது தொட்டியில ஒரு குறையும் இல்லை அல்ஷிஃபா.

— அப்ப உங்க ஆறு தொட்டியில மட்டும் எப்படி மேம் நின்னுச்சு?

— உனக்குத் தெரியாம போட உனக்கு ஒரு அப்பா இருந்தார். எனக்கு அப்படி யாரும் இல்லைடி. நானே போட்டுண்டேன்.